மூன்று மில்லிமீட்டர், ஜன்னல் பக்கம்

இஸ்மாயிலிய்யா நகரின் அராயிஷிய்யா பகுதியில் கால்சட்டை தைப்பவர் பஹ்கத் ஸலாமா. சட்டை தைக்க மாட்டார். கோட்டு வேண்டுமென்றால் பக்கத்துக் கடையைக் காட்டுவார். 1977 அக்டோபரில் கடை திறந்த நாளிலிருந்து கால்சட்டை மட்டும்தான். கால்வாய்ப் படகுகளில் வேலை செய்பவர்களில் பாதிப் பேரின் இடுப்பளவு அவருக்கு மனப்பாடம். யார் எந்த ஆண்டில் எத்தனை சென்டிமீட்டர் பெருத்தார் என்பதையும் சொல்லுவார். அதனாலேயே கல்யாண விருந்துகளில் அவருக்கு அடுத்த நாற்காலி கடைசி வரை காலியாக இருக்கும்.

அளவு விஷயத்தில் நாற்பத்தைந்து ஆண்டுகளில் அவர் ஒரே ஒரு பொய்தான் சொன்னார். அதைச் சொன்னது 2022 செப்டம்பர் எட்டாம் தேதி, வியாழக்கிழமை, பிற்பகல் இரண்டரை மணிக்கு. சொன்ன இடம், ஊரார் முஅல்லிம், அதாவது முதலாளி, என்று அழைக்கும் ஸாபிரின் தேநீர்க் கடை.

அந்தக் கடையில் ஒரு பில்லியர்ட்ஸ் மேஜை உண்டு. பழைய ஆங்கிலேயர் கிளப் ஒன்றின் கிடங்கில் கிடந்ததை, 1975இல் ஸாபிரின் தகப்பனார் கழுதை வண்டியில் ஏற்றிக்கொண்டு வந்தார். அடியில் மூன்று கற்பலகைகள், மேலே பச்சைத் துணி. ஒரு நீளப் பக்கம் தெருக் கதவைப் பார்க்கும். மறு நீளப் பக்கம் ஜன்னலைப் பார்க்கும். ஒரு கோடியில் சுவர்க் கடிகாரம். அதன் கீழே, கதவை ஒட்டிய மூலையில், ஒரு மர நாற்காலி.

அந்த நாற்காலியில் எல்லோரும் உட்கார முடியாது. ஹஜ்ஜுப் பெருநாளின் இரண்டாம் நாள் அஸர் எனும் பிற்பகல் தொழுகைக்குப் பிறகு நடக்கும் போட்டியில் வென்றவர் மட்டும் ஓராண்டு உட்காரலாம். அவர் இல்லாத நேரத்தில் நாற்காலியைச் சுவரைப் பார்த்துத் திருப்பி வைத்துவிடுவார்கள். அவருக்குத்தான் முதல் தேநீர். கடையில் எந்தச் சண்டை வந்தாலும் கடைசி வார்த்தை அவருடையது. பஹ்கத்துக்கு வீட்டிலும் கடைசி வார்த்தை கிடையாது, தையல் கடையில் வாடிக்கையாளரின் மனைவிதான் கடைசி வார்த்தை சொல்வாள். உலகத்தில் அவருக்கென்று இருந்தது அந்த நாற்காலி ஒன்றுதான். 2004 முதல் 2022 வரை, ஓராண்டும் விடாமல் பத்தொன்பது முறை அதை வென்றிருந்தார்.

எப்படி வென்றார் என்பது இன்னொரு கதை. 1988 மார்ச்சில் மேஜைத் துணி கிழிந்து, அதை மாற்றித் தைக்கும் வேலை அவரிடம் வந்தது. பழைய துணியை உரித்தபோது கல் வெறுமையாகத் தெரிந்தது. அளந்து பார்க்காமல் அவரால் இருக்க முடியாது. நூல் கட்டி, கொத்தனாரிடம் ரசமட்டம் வாங்கி வைத்துப் பார்த்தார். கடிகாரத்துக் கோடியிலுள்ள மூன்றாம் கற்பலகை, கதவுப் பக்க மூலையில், மூன்று மில்லிமீட்டர் தாழ்ந்திருந்தது. ஒரு கால்சட்டை ரசீதின் பின்பக்கம் அதைக் குறித்துக்கொண்டார். ஸாபிரின் தகப்பனாரிடம் சொல்லிச் சரிசெய்திருக்கலாம். அன்று கடையில் ஏழு கால்சட்டை காத்திருந்தன. துணியை இழுத்து ஆணி அடித்துவிட்டுப் போய்விட்டார். மறுநாள் சொல்லலாம் என்று நினைத்தார். மறுநாள் ஓர் ஆட்டம் ஆடிப் பார்த்தார். பிறகு சொல்லவில்லை.

வேகமாக அடித்த பந்துக்கு அந்தச் சாய்வு ஒன்றும் செய்யாது. மெதுவாகப் போகும் பந்து மட்டும் மூன்றாம் பலகைக்கு வந்ததும் ஒரு பந்து அகலம் கதவுப் பக்கம் ஒதுங்கும். மெதுவாக அடிக்கும்போதெல்லாம் பஹ்கத் ஒரு பந்து அகலம் ஜன்னல் பக்கம் தள்ளிக் குறிவைத்தார். சாய்வு அவர் தலைக்குத் தெரிந்தது 1988இல். கைக்குத் தெரிய 2004 ஆயிற்று. அதுவரை ஹாஜி மித்வல்லி என்பவர் வெறும் திறமையை வைத்துக்கொண்டு பதினான்கு ஆண்டுகள் அந்த நாற்காலியில் உட்கார்ந்திருந்தார்.

மற்றவர்களும் குருடர்கள் அல்லர். பந்து வளைவதைப் பார்த்தார்கள். 1991 ஆகஸ்டில் ஸாபிர் கூரையில் மின்விசிறி மாட்டியபோது, “ஃபேன் காத்து பந்தைத் தள்ளுதுப்பா” என்று பஹ்கத் போகிற போக்கில் சொன்னார். மறுநாளிலிருந்து ஆட்டம் தொடங்கும் முன் விசிறியை நிறுத்துவது வழக்கமாகிவிட்டது. நிறுத்திய பிறகும் பந்து வளைந்தபோது ஒருவர் கேட்டார். “ஃபேன் நின்னுடுச்சு, காத்து இன்னும் நிக்கலையே” என்றார் பஹ்கத். கேட்டவருக்கு அது நியாயமாகப் பட்டது. முப்பத்தொரு கோடைகள், நாற்பது டிகிரி வெயிலில், அந்தக் கடையில் ஆண்கள் விசிறியைப் பார்த்துக்கொண்டே வியர்த்தார்கள்.

அந்த வியாழக்கிழமை ஸாபிரின் தங்கை மகள் நிஹால் கெய்ரோவிலிருந்து வந்தாள். கம்ப்யூட்டர் எஞ்சினியர். அவளும் நான்கு பேரும் சேர்ந்து பில்லியர்ட்ஸ் கேம் ஒன்று செய்துகொண்டிருந்தார்கள். விளையாட்டுத்தனமான கேம் அல்ல. பந்தின் எடை, துணியின் உராய்வு, ரப்பர் ஓரத்தின் துள்ளல் எல்லாம் அசல் போலவே கணக்கிட்டு ஓடும் கேம். உலகத்தின் பல மேஜைகள் அதில் இருந்தன. மாமா கடை மேஜையையும் சேர்க்க அவளுக்கு ஆசை.

நூற்று எழுபது படம் எடுத்தாள். பந்துகள் மோதும் சத்தத்தைப் பதிவு செய்தாள். வேகமாக அடித்து நான்கு ஓரங்களையும் சோதித்தாள். கொண்டுவந்த மின்னணு ரசமட்டத்தைத் துணிமேல் வைத்தாள். ஹுக்கா நெருப்பு விழுந்த பொத்தல்களும் ஒட்டுத்துணியும் இருந்த மேஜையில் அது ஒவ்வொரு முறையும் ஒவ்வோர் எண் காட்டியது. துணியைக் கழற்ற ஸாபிர் சம்மதிக்கவில்லை.

“பெரியப்பா,” என்று நாற்காலிப் பக்கம் திரும்பினாள். “அந்தக் கல்லைத் துணி இல்லாம பார்த்தது நீங்க ஒருத்தர்தான். அளவு எடுத்து வச்சிருப்பீங்களே?”

“எடுக்காம இருப்பாரா?” என்றார் மருந்துக்கடை மஹ்ரூஸ். எல்லோரும் அவரை டாக்டர் என்று அழைப்பார்கள். பதினொரு முறை இறுதி ஆட்டத்தில் பஹ்கத்திடம் தோற்றவர் அவர். “என் கல்யாணத்துல கட்டிப்பிடிச்சு வாழ்த்துச் சொல்லும்போதே இடுப்பளவு எடுத்த ஆளு இவரு.”

“எதுக்கும்மா அவ்வளவு துல்லியம்?” என்று கேட்டார் பஹ்கத்.

“அப்பதானே பெரியப்பா அசல்! வீட்டுல உக்காந்து யார் வேணாலும் இந்த மேஜையில ஆயிரம் தடவை அடிச்சுப் பழகலாம். பந்து எங்க ஒதுங்குதுன்னு சின்னக் குழந்தைக்குக்கூடத் தெரிஞ்சுடும்.”

பஹ்கத் தேநீரைக் கீழே வைத்தார். கடைக்குப் போய், இழுப்பறையிலிருந்து அந்த ரசீதை எடுத்துக்கொண்டு திரும்பினார். ரசீதை அவள் கையில் கொடுக்கவில்லை. தாமே படித்தார்.

“மூணாவது கல். மூலையில மூணு மில்லிமீட்டர் தாழ்வு.” ரசீதை மடித்துக்கொண்டார். “ஜன்னல் பக்கம்.”

அவள் எழுதிக்கொண்டாள். பிறகு தலையைச் சொறிந்தாள். “இன்னொண்ணு பெரியப்பா. நான் கணக்குப் போட்டுப் பார்த்தேன். நூத்தி எழுபது கிராம் பந்தை இந்த ஃபேனால ஒரு மயிரிழைகூட நகர்த்த முடியாதே?”

“உன் கணக்குக்கு இஸ்மாயிலிய்யா காத்தைத் தெரியாதும்மா.”

அவள் சிரித்துவிட்டு அதையும் எழுதிக்கொண்டு, நாலரை மணி பஸ்ஸுக்குப் போய்விட்டாள். மூன்றும் உண்மை, மில்லிமீட்டரும் உண்மை, தாழ்வும் உண்மை. ஒரே ஒரு சொல்தானே இடம் மாறியிருக்கிறது என்று பஹ்கத் மனத்தைத் தேற்றிக்கொண்டார். ஆனால் அன்று மாலை அவர் வெட்டிய கால்சட்டைக்கு இரண்டும் இடது காலாக அமைந்தன.

கேம் 2023 மே மூன்றாம் தேதி வெளிவந்தது. ஹுக்காப் பொத்தல் உட்பட எல்லாம் அப்படியே இருந்தன. ஆட்டம் தொடங்கினால் கூரை விசிறி தானாக நின்றது. மேஜையைப் பற்றிய குறிப்பின் கீழே ஒரு வரி: “அளவுகள்: உஸ்தா பஹ்கத் ஸலாமா, தையற்காரர்.” உஸ்தா என்றால் கைதேர்ந்த தொழில்காரர். ஸாபிர் அதை அச்செடுத்துச் சட்டம் போட்டுக் கடிகாரத்துக்குப் பக்கத்தில் மாட்டினார். பிரேசிலிலிருந்து ஒருவர், விசிறி ஏன் நிற்கிறது என்று கேட்டு எழுதியிருந்தார். “உனக்கென்னடா தெரியும்” என்று ஸாபிர் திரையைப் பார்த்துப் பெருமையோடு சொன்னார்.

ஊரே வீட்டில் உட்கார்ந்து பழகியது. போனில் பழகினார்கள், கம்ப்யூட்டரில் பழகினார்கள். மஹ்ரூஸ் மருந்துக்கடைக் கல்லாவுக்குப் பின்னால் நின்று பழகினார். இருமல் மருந்து கேட்ட ஒருவருக்கு வயிற்றுப்போக்கு மருந்து போயிற்று. மேஜையில் சாய்வு இருப்பது அப்போதுதான் எல்லோருக்கும் தெரிந்தது.

“இவ்வளவு நாள் ஏன்யா சொல்லலை?” என்று பஹ்கத்தைக் கேட்டார்கள்.

“நீங்க கேக்கலையே. அந்தப் பொண்ணு கேட்டுச்சு, சொன்னேன்.”

பழகியவர்கள் அசல் மேஜைக்கு வந்து, மெதுவான பந்துக்கு ஒரு பந்து அகலம் கதவுப் பக்கம் தள்ளிக் குறிவைத்தார்கள். பந்தும் கதவுப் பக்கமே ஒதுங்கியது. குழியை இரண்டு பந்து அகலம் தவறவிட்டார்கள். ஆறு வாரத்தில் பஹ்கத் நாற்பத்தேழு ஆட்டம் ஆடி நாற்பத்தேழும் வென்றார். அந்த ஆறு வாரம்தான் தம் வாழ்க்கையின் உச்சம் என்று அவருக்கு அப்போது தெரியவில்லை.

ஜூன் பதினாறாம் தேதி வெள்ளிக்கிழமை, ஜும்ஆ முடிந்து வந்து மஹ்ரூஸ் மேஜையைத் தட்டினார்.

“முஅல்லிம், உன் மேஜை கெட்டுப்போச்சு.”

“வாயைக் கழுவு டாக்டர்!”

“நீயே பாரு. கேம்ல பந்து ஜன்னல் பக்கம் போகுது. இங்க கதவுப் பக்கம் போகுது. அளவு எடுத்தது யாரு? நம்ம உஸ்தா. இவரு தப்பா அளப்பாரா?”

“அவரா? ஒருநாளும் மாட்டாரு” என்றது கடை முழுவதும்.

“அப்போ எது தப்பு? மேஜைதான் தப்பு. அளந்ததுக்கு அப்புறம் கல்லு அசைஞ்சிருக்கு. கால்வாய்ச் சுரங்கப்பாதைக்குப் போற லாரியெல்லாம் இந்தத் தெருவைத்தானே குலுக்குது.”

ஸாபிரின் முகம் வெளுத்தது. உலகம் முழுவதும் அவர் மேஜையில் ஆடுகிறார்கள். அவர் கடையில் இருப்பதோ அந்த மேஜை இல்லை. “பிரேசில்காரன் ஒருநாள் நேர்ல வந்து நின்னா நான் என்ன பதில் சொல்வேன்?” என்றார்.

“லெவலா வச்சுடலாமே” என்று பஹ்கத் மெல்ல ஆரம்பித்தார். “சாய்வே இல்லாம…”

“கேம்ல இருக்கறபடி வேணும்!” என்றார் ஸாபிர். போன செப்டம்பரில் துணியைத் தொடவிடாதவர், ஆணிகளைத் தாமே பிடுங்க ஆரம்பித்தார்.

மறுநாள் கப்பல் பழுதுபார்க்கும் பட்டறையிலிருந்து உஸ்தா கிர்கிஸ் ஜாக்கியோடு வந்தார். பதினாயிரம் டன் கப்பலை நிமிர்த்தியவர். கல்லைப் பார்த்துவிட்டுக் கையைத் துடைத்தார்.

“முதல் அளவு எடுத்த ஆளு எங்க?”

“இதோ” என்று பஹ்கத்தை முன்னால் தள்ளினார்கள்.

“ரசமட்டத்தை நீரே பிடியும் உஸ்தா. உம்ம கை சொன்னா நிறுத்தறேன்.”

காலை பத்து மணியிலிருந்து மதியம் ஒன்றே கால் வரை பஹ்கத் தம் கையாலேயே ரசமட்டம் பிடித்தார். கதவுப் பக்க மூலை உயர்ந்தது. ஜன்னல் பக்க மூலை இறங்கியது. ஒன்று, ஒன்றரை, இரண்டு, இரண்டரை. “இன்னும் கொஞ்சம்” என்று அவரேதான் சொல்ல வேண்டியிருந்தது. மூன்றைத் தொட்டதும் குமிழியைப் பார்த்தார். கண்ணெதிரே இருக்கிற அளவைத் தப்பாகப் படிக்க அவரால் முடியவில்லை. “சரியா இருக்கு” என்றார். கடையே கைதட்டியது. கிர்கிஸ் அவர் நெற்றியில் முத்தமிட்டு, “உம்ம மாதிரி ஆளுங்க குறைஞ்சு போய்ட்டாங்க” என்றார்.

போட்டிக்குப் பன்னிரண்டு நாள் இருந்தது. இப்போது ஊரில் அந்த மேஜையில் ஆடத் தெரியாத ஒரே ஆள் பஹ்கத்.

வீட்டுக்குப் போனார். அவர் மனைவி இன்ஷிராஹ் வெண்டைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் சமையல் வீடியோ பார்க்கும் டேப்லெட்.

“ஹாஸிம் அம்மா, அந்தக் கேமை இதுல போட முடியுமா?”

“போட்டிருக்கே. ஒரு மாசமா ஆடறேன்.” கத்தியைக் கீழே வைக்காமலே சொன்னாள். “நீங்கதான் மேஜையை உள்புறம் வெளிய வச்சுத் தச்சிருக்கீங்க.”

பஹ்கத் நாற்காலியில் உட்கார்ந்தார். “உனக்கு எப்படித் தெரியும்?”

“முப்பத்தஞ்சு வருஷமா தூக்கத்துல ‘கதவுப் பக்கம், கதவுப் பக்கம்’னு உளர்றீங்க. முதல்ல தெருவுல எவளோ நிக்கறான்னு நினைச்சேன். கேமைப் பார்த்தப்பதான் புரிஞ்சது. போய் உண்மையைச் சொல்லிடுங்க.”

“சொன்னா பத்தொன்பது வருஷத்தையும் திருப்பிக் கேப்பாங்க.”

“அப்ப உக்காந்து பழகுங்க. வெண்டைக்காய்க் கையோட தொடாதீங்க, திரை வழுக்கும்.”

பதினொரு நாள் அவர் தையல் கடையை மதியமே மூடினார். இருவரும் நூற்று நாற்பத்து மூன்று ஆட்டம் ஆடினார்கள். பஹ்கத் வென்றது ஐம்பத்திரண்டு. மீதி எல்லாம் இன்ஷிராஹ். அடுப்பில் பாதிக் கவனம் வைத்துக்கொண்டே அவள் வென்றது அவருக்குப் பெரிய வருத்தம்.

“தலை சரியா பாக்குது” என்று அவள் கடைசி நாள் சொன்னாள். “கைதான் இன்னும் பழைய மேஜையில இருக்கு.”

ஜூன் இருபத்தொன்பதாம் தேதி, பெருநாளின் இரண்டாம் நாள். முப்பத்தொன்பது டிகிரி. எல்லோரும் வயிறு நிறைய இறைச்சியும் சோறும் வினிகர் ரொட்டியும் தின்றுவிட்டு, உட்காரவும் முடியாமல் நிற்கவும் முடியாமல் வந்திருந்தார்கள். விசிறியை நிறுத்தினார்கள். இறுதி ஆட்டம் வழக்கம்போல் பஹ்கத்துக்கும் மஹ்ரூஸுக்கும். மூன்று ஆட்டம் வென்றவருக்கு நாற்காலி.

பஹ்கத் அன்று எல்லாவற்றையும் வேகமாக அடித்தார். வேகமான பந்துக்குச் சாய்வு தெரியாதே. “உஸ்தாவுக்கு இன்னிக்கு அவசரம். வீட்டுல வயிறு சரியில்லையோ?” என்று மஹ்ரூஸ் கேட்டார். “மருந்து வேணாம் டாக்டர், உம்ம கடையில எந்த மருந்து வரும்னு சொல்ல முடியாது” என்றார் பஹ்கத். இப்படியே ஆளுக்கு இரண்டு ஆட்டம் வந்தது. ஐந்தாவதில் இருவரும் தங்கள் தங்கள் ஏழு பந்தையும் போட்டு முடித்தார்கள். மேஜையில் கறுப்புப் பந்து மட்டும் மிச்சம். அதைப் போட்டால் முடிந்தது.

மஹ்ரூஸ் தவறவிட்டார். இப்போது பஹ்கத்தின் முறை. கறுப்புப் பந்து இரண்டாம் பலகையின் நடுவில் இருந்தது. கடிகாரத்துக் கோடி மூலைக் குழிக்குப் போக வேண்டும். வேகமாக அடித்தால் வெள்ளைப் பந்தும் பின்னாலேயே ஓடிக் குழியில் விழும், ஆட்டம் போய்விடும். மெதுவாகத்தான் அடித்தாக வேண்டும்.

பஹ்கத் கியூக் கோலின் நுனியில் சாக்பீஸைத் தேய்த்தார். ஜன்னல் பக்கம் சாய்வு. அதனால் கதவுப் பக்கம் குறி. மனத்துக்குள் மூன்று முறை சொல்லிக்கொண்டார். கதவுப் பக்கம் குறி. குனிந்தார். கியூ முன்னும் பின்னும் நகர்ந்தது. கண் சரியான இடத்தில் இருந்தது. அந்தக் கடைசிக் கணத்தில், யாரும் கேட்காமலே, அவருடைய இடுப்பு கொஞ்சம் நகர்ந்தது. பத்தொன்பது பெருநாள்கள் நகர்ந்த அதே பக்கமாக.

பந்து மூன்றாம் பலகையை அடைந்தது. அவர் தவறு பாதி, சாய்வு பாதியாக, குழியை இரண்டு பந்து அகலம் தவறவிட்டது.

மஹ்ரூஸ் வந்தார், குனிந்தார், மெதுவாகத் தட்டினார். மருந்துக்கடைக் கல்லாவுக்குப் பின்னால் ஆயிரம் முறை அடித்த அதே அடி. கறுப்புப் பந்து குழியில் விழுந்தது.

ஆரவாரம் அடங்கும்வரை பஹ்கத் மேஜையைப் பிடித்துக்கொண்டு நின்றார். வியர்வை மூக்கின் நுனியிலிருந்து பச்சைத் துணியில் சொட்டியது. நிமிர்ந்து பார்த்தார். எழுபது பேர், எழுபது நனைந்த சட்டை.

“ஸாபிர், ஃபேனைப் போடு.”

“இன்னும் மூணாம் இடத்து ஆட்டம் இருக்கே உஸ்தா. பந்து தள்ளிப் போகும்.”

“போகாது.” தொண்டையைச் செருமினார். “ஒருநாளும் போனதில்லை.”

பிறகு ரசீதைச் சட்டைப் பையிலிருந்து எடுத்து மேஜைமேல் வைத்தார். ஸாபிர் அதை எடுத்துச் சத்தமாகப் படித்தார். கதவுப் பக்கம் என்ற இடத்தில் அவர் குரல் நின்றது.

“அப்போ ஃபேன்?” என்றார் ஒருவர். “தொண்ணூத்தொண்ணுலேர்ந்து நாங்க வெந்தது?”

“எங்கப்பா இந்தச் சூட்டுல மயங்கியே விழுந்தாருய்யா!”

“உஸ்தா, நீர் தையற்காரரா, கொள்ளைக்காரரா?”

ஒருவர் செருப்பைக் கழற்றினார். பெருநாள் என்பது நினைவுக்கு வந்து மாட்டிக்கொண்டார். ஸாபிர் நிஹாலுக்குப் போன் போட்டு ஒலிபெருக்கியில் வைத்தார். அவள் முழுவதும் கேட்டுவிட்டுச் சிரித்தாள். “ஃபேன் விஷயத்துலயே எனக்குச் சந்தேகம் வந்துச்சு. சரி பெரியப்பா, கேம்ல கதவுப் பக்கம்னு மாத்திடறேன்.”

“மாத்தாதே!” என்று எழுபது பேரும் ஒன்றாகக் கத்தினார்கள். எல்லோரும் இப்போதுதான் பழகி முடித்திருந்தார்கள்.

ஸாபிர் விசிறியைப் போட்டார். அது இரண்டு முறை முனகிவிட்டுச் சுற்ற ஆரம்பித்தது. ஆட்கள் கழுத்துப் பொத்தானை அவிழ்த்து முகத்தை மேலே தூக்கிக் கண்ணை மூடிக்கொண்டார்கள். கோபம் பாதி அதிலேயே போயிற்று. பஹ்கத் ஜன்னலோரம் ஓர் இரும்பு ஸ்டூலில் போய் உட்கார்ந்தார். சட்டத்திலிருந்த வரியைக் கழற்றலாமா என்று ஸாபிர் பார்வையால் கேட்டார். கூட்டத்தில் நின்ற கிர்கிஸ் வேண்டாமென்று தலையாட்டினார்.

மஹ்ரூஸ் கடிகாரத்தின் கீழே போய், நாற்காலியைத் துடைத்து, மெதுவாக உட்கார்ந்தார். சாய்ந்தார். பிறகு சட்டென்று நிமிர்ந்தார். கையை முகத்துக்கு நேரே நீட்டிப் பார்த்தார். கதவின் கீல் பக்க இடுக்கிலிருந்து, தெருவுக்கு அப்பால் ஓடும் நன்னீர்க் கால்வாயின் குளிர்ந்த காற்று நேராக அந்த நாற்காலிக்கு மட்டும் வந்துகொண்டிருந்தது.

“அடப் பாவி உஸ்தா!” என்றார். “இங்க காத்து வருது!”

“ஹாஜி மித்வல்லியும் சொல்லலையே” என்றார் பஹ்கத்.

மஹ்ரூஸ் மேலே சுற்றும் விசிறியைப் பார்த்தார். அதன் கீழே சுகமாகக் கண்மூடி நிற்கும் எழுபது பேரையும் பார்த்தார். பன்னிரண்டாவது முயற்சியில் கிடைத்த நாற்காலி இது. இப்போது விசிறியால் கடையில் எல்லோருக்கும் அதே அளவு காற்று கிடைத்தது.

“முஅல்லிம்,” என்றார் தொண்டையைச் செருமிக்கொண்டு. “எதுக்கும் ஃபேனை நிறுத்திடு. பந்து கொஞ்சம் தள்ளற மாதிரிதான் இருக்கு.”

நாலு பக்கத்திலிருந்தும், கொறித்துப் போட்ட பூசணி விதைத் தோல் அவர்மேல் பறந்து வந்தது. பஹ்கத்தும் ஒரு பிடி எறிந்தார். எந்தப் பக்கமும் தள்ளாமல், நேராகக் குறிவைத்து.